பொருந்தாததை அடித்துவிடவும்

இந்த வாரம் பழைய நினைவுகள் கிடையாது. ஒரு சண்டை போடப் போகிறேன். கணினியிலும் கைப்பேசியிலும் நம்மை நிரப்பச் சொல்கிறார்களே, அந்த விண்ணப்பப் படிவங்களோடும் அவற்றைச் செய்து வைப்பவர்களோடும்தான் சண்டை.

நான் புதுச்சேரிக்காரன். படித்தது பிரெஞ்சு வழியில். பிழைத்தது அரசு எழுத்தராக, 36 வருடம். அதனால் இரண்டு வகைக் காகிதப் படிவங்களும் எனக்குப் பழக்கம். இரண்டிலும் ஒரு வாசகத்தை அடிக்கடி பார்த்திருக்கிறேன். பிரெஞ்சுப் படிவத்தில் 'ரேயே லா மான்சியோன் இனுத்தில்' என்று சின்ன எழுத்தில் இருக்கும். தமிழ்ப் படிவத்தில் 'பொருந்தாததை அடித்துவிடவும்'. பொருள் ஒன்றுதான். இந்தப் படிவம் எல்லோருக்குமாக அச்சானது, உங்களுக்குப் பொருந்தாதது இதில் இருக்கலாம், அதன் மேல் ஒரு கோடு போட உங்களுக்கு உரிமை உண்டு.

ஒரு கோடுதானே என்று நினைக்காதீர்கள். அச்சடித்த அரசாங்கத்தைப் பார்த்து ஒரு சாதாரண ஆள் 'இது எனக்குப் பொருந்தாது' என்று சொல்ல அந்தக் கோடு இடம் கொடுத்தது. பிரெஞ்சுக்காரர்கள் காலிக் கட்டத்தில் 'நெயான்' என்று எழுதுவார்கள். நாம் 'இல்லை' என்று எழுதுவோம். 'இல்லை' என்பதும் ஒரு பதில்தான் என்று வாங்குகிறவருக்கும் தெரியும்.

கணினிப் படிவம் இந்தக் கோட்டைப் பறித்துவிட்டது. எப்படிப் பறித்தது என்பதைப் பக்கத்து வீட்டுப் பையன் ஒருநாள் காட்டினான். சென்னையில் மென்பொருள் வேலை பார்ப்பவன். கணினியில் ஏதாவது ஒரு படிவத்தைத் திறந்து, ஒரு கட்டத்தின் மேல் சுட்டியை வைத்து, வலது பொத்தானை அழுத்தி, 'இன்ஸ்பெக்ட்' என்பதைத் தொடுங்கள். அந்தக் கட்டத்தின் உள்கூடு தெரியும். 'இன்புட்' என்று தொடங்கும் ஒரு வரி. அதற்குப் பின்னால் சில சொற்கள்: ரிக்வயர்டு, மேக்ஸ்லெங்த், பேட்டர்ன், ரீட்ஒன்லி, டிசேபிள்டு. இவற்றுக்கு 'ஆட்ரிப்யூட்' என்று பெயராம்.

பிரெஞ்சு இலக்கண வகுப்பில் 'அத்ரிபூ' என்று ஒன்று சொல்லிக் கொடுத்தார்கள். 'பியேர் நோயாளியாக இருக்கிறான்' என்றால் அதில் 'நோயாளி' என்பது அத்ரிபூ. எழுவாய் எப்படி இருக்கிறது என்று சொல்லும் சொல் அது. கணினிப் படிவத்திலும் சில ஆட்ரிப்யூட்டுகள் அந்த மாதிரி வெறும் விவரம்தான். ஆனால் நான் மேலே சொன்னவை எல்லாம் கட்டளைகள். 'ரிக்வயர்டு' என்றால் நிரப்பாமல் நகராதே. 'மேக்ஸ்லெங்த்' என்றால் இத்தனை எழுத்துக்கு மேல் எழுதாதே. 'பேட்டர்ன்' என்றால் நான் சொன்ன எழுத்துகளைத் தவிர வேறு போடாதே. ஒவ்வொரு கட்டத்துக்குள்ளும் ஒரு குட்டி அரசாணை ஒளிந்திருக்கிறது. அதற்கு எண் இல்லை, தேதி இல்லை, கையொப்பம் இல்லை.

இதனால் என்ன கெட்டுவிட்டது என்பீர்கள். கெட்டதைச் சொல்கிறேன்.

என் நண்பர் ஒருவர் காலமானார். அவருடைய மனைவிக்குக் குடும்ப ஓய்வூதியம் வர வேண்டும். அந்த அம்மாளுக்கு நம் ஊர் வழக்கப்படி ஒரே பெயர், முன்னால் ஓர் எழுத்து. விண்ணப்பத்தில் குடும்பப் பெயர் என்று ஒரு கட்டம். நட்சத்திரக் குறி போட்டது. படிவம் நிரப்பித் தரும் கடையில் இருந்த பையனோடு நடந்த பேச்சு இது.

"சர்நேம் போட்டாத்தான் அடுத்த பக்கம் போகும்மா."

"எனக்கு அப்படி ஒண்ணு கிடையாதேப்பா."

"புள்ளி வச்சுப் பார்த்தேன், எடுக்கல. ஐயா பேரையே போட்டுடவா?"

போட்டார்கள். வேறு வழி இல்லை. வங்கிக் கணக்கு ஒரு பெயரில், ஆதார் இன்னொரு விதமாக, ஓய்வூதிய விண்ணப்பம் மூன்றாவது விதமாக. பெயர் பொருந்தவில்லை என்று திரும்பி வந்தது. திருத்தம் செய்ய இன்னொரு படிவம். அதிலும் அதே கட்டம், அதே நட்சத்திரம். அந்த அம்மாள் கையில் பணம் வர ஐந்து மாதம் ஆயிற்று. எந்த அலுவலகம் என்று எழுத மாட்டேன். பல அலுவலகங்களில் இதே கட்டம் இருக்கிறது.

அந்த அம்மாள் என்ன பொய் சொன்னார்? ஒன்றும் இல்லை. படிவம்தான் அவரைப் பொய் சொல்ல வைத்தது. உண்மையான பதில் இல்லாத ஒரு கேள்வியைக் கட்டாயமாக்கினால் வந்து சேருவது பொய்ப் பதிலாகத்தான் இருக்கும். பிறகு அந்தப் பொய்யை வைத்துக்கொண்டே 'உங்கள் பெயர் சரியில்லை' என்பார்கள்.

குடும்பப் பெயர் விஷயத்தில் புதுச்சேரிக்காரன் கொஞ்சம் கூடுதலாகப் பேசலாம். 1881 செப்டம்பர் 21-இல் பிரெஞ்சு அரசு ஓர் ஆணை போட்டது. இங்குள்ளவர்களில் விரும்பியவர்கள் தங்கள் சாதி, மத வழக்கச் சட்டத்தைத் துறந்துவிட்டு பிரெஞ்சு உரிமையியல் சட்டத்தின் கீழ் வரலாம். அப்படி வருகிறவர்கள் ஒரு குடும்பப் பெயரை ஏற்க வேண்டும். அவர்களை 'ரெனோன்சான்' என்பார்கள். வழக்கறிஞர் பொன்னுத்தம்பி பிள்ளை 'லாப்போர்த்' ஆனது அப்படித்தான். அதன் நல்லது கெட்டதைப் பற்றி இன்னொரு நாள் பேசலாம். நான் சொல்ல வருவது இதுதான். நம்மை ஆண்டவன் வெளிநாட்டுக்காரன். அவனுக்கே ஒரு தமிழனுக்குக் குடும்பப் பெயர் ஒட்ட ஓர் ஆணை தேவைப்பட்டது. அதையும் விரும்பினால் செய் என்றுதான் சொல்ல முடிந்தது. இன்று 'ரிக்வயர்டு' என்ற ஒற்றைச் சொல் அதே வேலையை ஆணை இல்லாமல், விருப்பம் கேட்காமல், எல்லோருக்கும் செய்துவிடுகிறது.

சுதந்திர இந்தியாவின் கடவுச்சீட்டிலேயே குடும்பப் பெயர்க் கட்டத்தைக் காலியாக விடலாம். அதை எடுத்துக்கொண்டு அமெரிக்க விசாவுக்குப் போனால் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் 'எஃப்.என்.யூ' என்று மூன்று எழுத்து வரும். முதற்பெயர் தெரியவில்லை என்று அர்த்தம். பெயர் தெரியாமல் என்ன, முழுதாக எழுதித்தானே கொடுத்தோம்? கட்டங்கள் அவர்களுக்கு இரண்டு, நமக்குப் பெயர் ஒன்று. அவ்வளவுதான்.

சரி, இந்தக் கட்டளையைப் போட்டது யார்? விசாரித்தபோது கிடைத்த பதில்தான் என்னைக் கோபப்படுத்தியது. பல இடங்களில் யாரும் போடவில்லை!

படிவங்களை ஒவ்வொரு வரியாகக் கையால் எழுதுவது குறைவாம். ஆயத்தக் கருவிகள் இருக்கின்றன. 2005-இல் பிரான்சில் பிறந்த 'சிம்ஃபனி' அவற்றில் ஒன்று. அதில் ஒரு கட்டம் வைத்தால், வேண்டாம் என்று நாம் சொல்லாதவரை அது 'கட்டாயம்' என்றே எடுத்துக்கொள்ளும். 'ட்ருபல்' என்று இன்னொன்று. அதில் சாதாரண எழுத்துக் கட்டத்துக்கு, நாம் எதுவும் சொல்லாவிட்டால், 128 எழுத்து என்ற எல்லை தானாக ஒட்டிக்கொள்ளும். அதாவது எந்த அதிகாரியும் யோசிக்காத, எந்த விதியும் கேட்காத கட்டளை, கருவியின் பழக்கத்தால் மக்கள் தலையில் விழுகிறது. எங்கள் அலுவலகத்தில் ஒரு பதிவேட்டில் ஒரு பத்தி கூட்ட வேண்டும் என்றால் கோப்பு மேலே போய்க் கீழே வரும். 'எந்த ஆணைப்படி?' என்று கண்காணிப்பாளர் ஓரத்தில் எழுதுவார். இங்கே அந்தக் கேள்வி கேட்க ஆளே இல்லை.

இன்னொரு வேடிக்கை. 'ரிக்வயர்டு' என்ற சொல்லுக்கு எதிரே 'ஃபால்ஸ்', அதாவது 'இல்லை', என்று எழுதினால் என்ன ஆகும்? ஒன்றும் ஆகாது. கட்டம் கட்டாயமாகவே இருக்கும். அந்தச் சொல் அங்கே இருந்தாலே போதும், பக்கத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று உலாவி பார்க்காது. 'டிசேபிள்டு', 'ரீட்ஒன்லி' இரண்டும் அதே ரகம். எங்கள் காலத்தில் அவசரக் கோப்புகளுக்குச் சிவப்புச் சீட்டு கட்டுவோம். அந்தச் சீட்டின் மேல் 'அவசரம் இல்லை' என்று எழுதி வைத்தால் ஒருவரும் படிக்கப் போவதில்லை. சீட்டை அவிழ்த்து எடுக்க வேண்டும். இந்தச் சொற்களையும் அப்படித்தான், எடுத்தே ஆக வேண்டும்.

அடுத்து 'மேக்ஸ்லெங்த்'. துளைபோட்ட அட்டைகளின் காலத்தில் எல்லைக்கு நியாயம் இருந்தது. ஐ.பி.எம். அட்டையில் 80 பத்திதான். இன்று கைப்பேசியில் சினிமாவே அடங்குகிறது, ஆனால் ஒரு தாத்தாவின் முழுப் பெயர் அடங்குவதில்லை. அதிலும் மோசம், இந்தக் கட்டளை வாய் திறந்து சொல்லாது. எல்லைக்கு மேல் உள்ளதைச் சத்தமில்லாமல் வெட்டிவிடும். ஆதார் எண்ணுக்கு 12 இலக்கம். சரி, எல்லை 12 என்று வைத்தார்கள். ஆனால் அட்டையில் அது நான்கு நான்காக, நடுவில் இரண்டு இடைவெளியோடு அச்சாகியிருக்கிறது. அதை அப்படியே நகலெடுத்து ஒட்டினால் இடைவெளியும் எழுத்துக் கணக்கில் சேரும். கடைசி இரண்டு இலக்கம் காணாமல் போகும். கண்ணாடி போட்டவர்கள் அதைக் கண்டுபிடிக்கட்டும் பார்க்கலாம். இடைவெளியை நீக்கிக்கொள்வது இயந்திரத்துக்கு ஒரு நொடி வேலை. அதைச் செய்யாமல் கிழவனின் விரலை வெட்டுகிறார்கள்.

'பேட்டர்ன்' பற்றி எங்கள் ஊர்க்காரர்களிடம் கேளுங்கள். ஆங்கிலத்தின் 26 எழுத்து தவிர வேறெதுவும் கூடாது என்று எழுதி வைத்திருப்பார்கள். 'ழான்-பியேர்' நடுவில் ஒரு சிறு கோடு உண்டு, அது கூடாது. 'ஃப்ரான்சுவா'வில் ஓர் எழுத்துக்குக் கீழே வால் உண்டு, அதுவும் கூடாது. நம் தலைப்பெழுத்துக்குப் பின் புள்ளி, அதுவும் கூடாது. உடனே சிவப்பு எழுத்தில் வரும்: 'சரியான பெயரை உள்ளிடவும்.' என் பெயர் சரியானதா என்று சொல்ல இவர்கள் யார்? என் பிறப்புப் பதிவேட்டில் இருப்பதைவிட இவர்கள் எழுதிய வரி பெரிதா?

அதன் பிறகு ஒட்டத் தடை. வங்கிக் கணக்கு எண்ணையோ கடவுச்சொல்லையோ நகலெடுத்து ஒட்ட விடமாட்டார்கள். பாதுகாப்பாம். 2017-இல் பிரிட்டனின் தேசிய இணையப் பாதுகாப்பு மையமே கடவுச்சொல்லை ஒட்ட விடுங்கள் என்று எழுதிவிட்டது. அதே வருடம் அமெரிக்காவின் தர நிர்ணய நிறுவனமும் தன் வழிகாட்டியில் ஒட்ட அனுமதிக்கச் சொன்னது. நீளமான, கடினமான கடவுச்சொல்லை வைக்கச் சொல்லிவிட்டு, அதை நடுங்கும் கையால் புள்ளி புள்ளியாகத் தெரியும் கட்டத்தில் அடிக்கச் சொன்னால், யாராக இருந்தாலும் சின்னதாக, சுலபமாக ஒன்றைத்தான் வைப்பார்கள். கணக்கு எண்ணை இருமுறை அடிக்க வைப்பது சரிபார்ப்பு என்கிறார்கள். நாங்களும் ஒப்பிட்டுப் பார்த்தோம். ஒருவர் வாசிப்பார், இன்னொருவர் பார்ப்பார். ஒரே ஆள் ஒரே கண்ணால் ஒரே எண்ணை இருமுறை அடிப்பதற்குப் பெயர் ஒப்பீடு இல்லை.

சாம்பல் நிறக் கட்டத்தைப் பார்த்திருப்பீர்கள். நம் பிறந்த தேதி அதில் தெரியும், மாற்ற முடியாது. அதற்கு 'ரீட்ஒன்லி' என்று போட்டால் தேதி படிவத்தோடு போய்ச் சேரும். 'டிசேபிள்டு' என்று போட்டால் அந்தக் கட்டத்தில் உள்ளது அனுப்பப்படவே படாது. நம் கண்ணுக்குத் தெரியும், அவர்களுக்குப் போகாது. பிறகு 'நீங்கள் பிறந்த தேதி தரவில்லை' என்று செய்தி வந்தால் அதிசயப்படாதீர்கள்.

இப்போது எதிர்த்தரப்பு வாதம். அந்தப் பையனே சொன்னான்: "தாத்தா, இதெல்லாம் இல்லைன்னா ஜனங்க கண்டதையும் போடுவாங்க. பாதியை நிரப்பாம அனுப்புவாங்க."

ஒப்புக்கொள்கிறேன், சில கட்டளைகள் தேவை. அஞ்சல் குறியீடு 6 இலக்கம், ஐ.எஃப்.எஸ்.சி. 11 எழுத்து. அவற்றுக்குப் பின்னால் எழுதி வைத்த விதி இருக்கிறது. தேதியைத் தேதியாகக் கேட்பதில் தவறில்லை. நான் கேட்பது எல்லாவற்றையும் எடுக்கச் சொல்லி அல்ல. விதி இல்லாததை எடுக்கச் சொல்லி.

பாதுகாப்பு என்ற வாதம் நிற்காது. நான் முன்னே சொன்னேனே, அந்த 'இன்ஸ்பெக்ட்'. அங்கே போய் 'மேக்ஸ்லெங்த்' என்ற சொல்லை அழித்துவிட்டால் என் திரையில் அந்தக் கட்டுப்பாடு போய்விடுகிறது. எழுபது தாண்டிய என்னாலேயே முடிகிறது என்றால், திருட நினைப்பவனுக்கு எத்தனை நேரம் ஆகும்? ஆகவே உண்மையான சரிபார்ப்பு அவர்களுடைய சர்வரில்தான் நடந்தாக வேண்டும். உலாவியில் இருப்பது வாசல் பலகை மட்டும். பலகை திருடனைத் தடுக்காது. யோக்கியனைத்தான் நிறுத்தும்.

பாதி நிரப்பிய படிவம் வருமே என்றால், வரட்டும். எங்களுக்கும் வந்தது. குறையைக் குறித்து ஆட்சேபணைக் குறிப்போடு திருப்பி அனுப்பினோம். அந்தக் குறிப்பில் எங்கள் கையொப்பம் இருக்கும், தேதி இருக்கும், மனுதாரர் மேல்முறையீடு செய்யலாம். திரையில் வரும் சிவப்பு எழுத்துக்கு எதிராக யாரிடம் மேல்முறையீடு? விண்ணப்பம் பதிவாகவே இல்லையே! மறுக்கப்பட்டதற்குச் சாட்சிகூடக் கிடையாது. காலிக் கட்டத்தோடு வரும் விண்ணப்பம் ஓர் உண்மையைச் சொல்கிறது. வந்து சேரவே முடியாத விண்ணப்பம் எதையும் சொல்வதில்லை.

எடுக்க முடியுமா, நடக்கிற காரியமா என்றால், நடந்திருக்கிறது. 2012 பிப்ரவரி 21-இல் பிரெஞ்சுப் பிரதமர் அலுவலகம் ஒரு சுற்றறிக்கை விட்டது. அரசுப் படிவங்களில் 'மத்முவசேல்' என்ற கட்டத்தை எடுத்துவிடுங்கள், 'கன்னிப் பெயர்' என்ற வாசகத்தை எடுத்துவிடுங்கள் என்றது. திருமணம் ஆனவளா இல்லையா என்று ஆணிடம் கேட்காததைப் பெண்ணிடம் மட்டும் ஏன் கேட்க வேண்டும் என்பதுதான் காரணம். என் பள்ளிப் பருவத்தில் அசைக்க முடியாதது என்று நினைத்த கட்டம் அது. ஒரு சுற்றறிக்கையில் போயிற்று. பிரிட்டன் அரசின் படிவ வடிவமைப்புக் குழு 2020-இல், எண் கட்டங்களுக்கு வைத்திருந்த 'நம்பர்' என்ற வகையைக் கைவிட்டது. சுட்டியின் சக்கரம் தெரியாமல் உருண்டால் எண் தானாக மாறிவிடுகிறது என்பது அதற்கு ஒரு காரணம். அங்கேயெல்லாம் ஒரு கட்டளையால் யார் அவதிப்படுகிறார்கள் என்று பார்த்தார்கள், எடுத்தார்கள்.

ஆகவே படிவம் செய்கிற தம்பி தங்கைகளுக்கு ஒரு பழைய எழுத்தரின் குறிப்பு. ஒரு தாளில் மூன்று பத்தி போடுங்கள். முதல் பத்தியில் உங்கள் படிவத்தின் ஒவ்வொரு கட்டத்திலும் உள்ள ஒவ்வொரு கட்டளையும். இரண்டாவதில் அதைக் கேட்ட விதி எண். மூன்றாவதில் அந்தக் கட்டளைக்குள் அடங்காத மனிதர் என்ன செய்வார் என்பது. இரண்டாவது பத்தியோ மூன்றாவது பத்தியோ காலியாக இருந்தால் அந்தக் கட்டளையை எடுத்துவிடுங்கள். 'ஃபால்ஸ்' போடாதீர்கள், எடுத்துவிடுங்கள்.

படிவம் நிரப்புகிற நம்மவர்களுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். இல்லாத குடும்பப் பெயருக்கு அப்பா பெயரையோ கணவர் பெயரையோ போட்டு நகராதீர்கள். நாளைக்கு அதுவே உங்கள் பெயராகிவிடும். திரையைப் படம் எடுத்து வையுங்கள். தேதி போட்டு, காகிதத்தில் விண்ணப்பத்தை எழுதி, விரைவுத் தபாலில் அனுப்புங்கள். கூடவே 2005-ஆம் வருடத் தகவல் உரிமைச் சட்டத்தின் கீழ் ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: 'தங்கள் இணையப் படிவத்தில் குடும்பப் பெயர்க் கட்டம் எந்த விதியின்படி, எந்த ஆணை எண்ணின்படி கட்டாயமாக்கப்பட்டுள்ளது? அந்த ஆணையின் நகல் வேண்டும்.' மத்திய அரசு அலுவலகம் என்றால் கட்டணம் 10 ரூபாய். பதில் தர 30 நாள். நான் இரண்டு அலுவலகங்களுக்கு அனுப்பிவிட்டேன். ரசீது கையில் இருக்கிறது.